தழும்புப் படங்கள்

எதைப் புதிதாகச் செய்தாலும் அதை முதலில் தையல்நாயகியின் போனில் திறந்து பார்ப்பது தயாளனின் வழக்கம். பல்லாவரத்துத் தோல் பைப் பட்டறையில் பைகளைப் படம் எடுத்துப் பெட்டியில் கட்டுகிறவள் அவள். அங்கிருந்த போன்களிலேயே நொந்துபோனது அவளுடையதுதான். திரையில் குறுக்காக ஒரு விரிசல். வாங்கி ஐந்து வருடம். அவள் குடியிருந்த பெரும்பாக்கம் அடுக்குமாடியில் ஏழாவது மாடிக்குப் போனால் சிக்னல் ஒற்றைக் கோட்டில் நின்று மூச்சு வாங்கும். அந்த போனில் ஒரு பக்கம் திறந்துவிட்டால் எந்த போனிலும் திறக்கும் என்பது அவன் எண்ணம்.

அந்தப் புதன்கிழமை காலையும் அவளிடம் போனை வாங்கி, ‘பதம்’ கடையின் பக்கத்தைத் தட்டினான். கண் மூடிக் கண் திறப்பதற்குள் தோல் பைகள் வரிசையாக வந்து நின்றன.

"ரெண்டு செகண்டு," என்றான். முந்தின நாள்வரை அதே பக்கம் அதே போனில் பதினோரு விநாடி எடுத்துக்கொண்டிருந்தது.

"தோடா! டக்குனு வந்துட்ச்சே!" என்று தையல்நாயகி கையைத் தட்டினாள். "நேத்து வரிக்கும் நான் ஒரு டீ குடிச்சிட்டு வந்து பாப்பேன் சார், அப்பவும் சுத்திக்கினுதான் கீது."

தயாளன் சிரித்தான். அவன் அதிகம் பேசுகிறவன் அல்ல. மனம் நிறைந்திருந்தால் இன்னும் குறைவாகப் பேசுவான்.

பதம், சபீஹாவின் கடை. கதவு, பெயர்ப்பலகை எதுவும் கிடையாது. இணையத்தில் ஒரு முகவரி, பழைய ட்ரங்க் ரோட்டுக்குப் பின்னால் அவள் அண்ணன் அயூப்பின் பட்டறை, அதில் எட்டுத் தையல் மிஷின்கள், அவ்வளவுதான். இருபது வருடம் அயூப் பெரிய கம்பெனிகளுக்குப் பை தைத்துக் கொடுத்தவர். இங்கிருந்து போகும் பை வேறெங்கோ வேறொருவர் முத்திரையோடு விற்கும். நான்கு வருடத்துக்கு முன்பு சபீஹாதான், "நம்ம பேர்ல நாமளே விப்போம்ணா" என்று பிடிவாதம் பிடித்து இதை ஆரம்பித்தாள். முதலில் நன்றாகத்தான் போயிற்று. பைகள் பெருகப் பெருகப் படங்களும் பெருகின. பக்கம் கனத்துப்போனது. போன தீபாவளி விற்பனையன்று பக்கம் திறப்பதற்குள் வந்தவர்களில் பாதிப் பேர் போய்விட்டார்கள்.

இந்த வருடம் ஒரு கம்பெனி எட்டு மிஷினையும் வருடம் முழுக்கத் தனக்கே கேட்டிருந்தது. அயூப் தங்கையிடம் தெளிவாகச் சொல்லிவிட்டார். "வெள்ளிக்கிழமை ஜும்மா முடிஞ்சு மூணு மணிக்கு தீபாவளி சேல் தொறக்கறோம். ஓடுச்சுன்னா சந்தோஷம். ஓடலன்னா சனிக்கிழமை நான் கம்பெனிக்கு சரின்னு சொல்லிடுவேன். நீ கடைய மூடிடு சபீ."

தயாளனுக்கு இது இருபது மாதத்துக்குப் பிறகு கிடைத்த முதல் வேலை. நாற்பத்தாறு வயதில் மென்பொருள் கம்பெனி அவனை வெளியே அனுப்பியபோது யார் மீதும் கோபப்படக்கூடத் தோன்றவில்லை. மேற்குத் தாம்பரம் வீட்டின் பால்கனியில் உட்கார்ந்து புத்தகம் படித்தான். பல நாட்கள் படித்த பக்கத்தையே மறுபடி படித்தான். அவன் மனைவி கீதா ஆசிரியையாக இருந்த பள்ளியில்தான் சபீஹாவின் மகள் படித்தாள். "எங்க வீட்டுக்காரர்கிட்ட கேட்டுப் பாருங்களேன்" என்று கீதா சொன்ன ஒரு வார்த்தையில் வந்த வேலை இது. சபீஹா அவனிடம் பழைய வேலையைப் பற்றி ஒரு கேள்வியும் கேட்கவில்லை. பட்டறை மூலையில் ஒரு மேசையைத் துடைத்துக் கொடுத்து, "ஃபேன் சத்தம் போடும்ணா, பழகிடும்" என்று மட்டும் சொன்னாள்.

படங்களைக் கையால் ஒவ்வொன்றாகச் சின்னதாக்கிக்கொண்டிருப்பது ஆகிற காரியம் இல்லை என்று முதல் நாளே அவனுக்குப் புரிந்துவிட்டது. அதனால் தானாகச் செய்யும் ஒரு நிரலை எழுதினான். தையல்நாயகி தன் போனிலிருந்து படத்தை ஏற்றியதும் நிரல் அதை எடுத்துக்கொள்ளும். கடையின் கட்டங்களுக்குப் பொருந்தும்படி சதுரமாக வெட்டும். பழைய ஜேபெக் வடிவத்திலிருந்து ஏவிஃப், வெப்-பி என்ற புதிய வடிவங்களுக்கு மாற்றும். வருகிறவரின் போனுக்கு எது ஒத்துக்கொள்ளுமோ அதை அனுப்பும். மூன்று எம்பி படம் முப்பது கேபி ஆகிவிடும். அறுநூறு உருப்படிகள், இரண்டாயிரத்து அறுநூறு படங்கள். செவ்வாய்க்கிழமை ஒரே பகலில் எல்லாம் மாறி முடிந்தன. மாலை மின்ரயிலில் கம்பியைப் பிடித்து நின்றபடி அவன் தனக்குள் சிரித்துக்கொண்டே தாம்பரம் வரை போனான்.

இப்போது தையல்நாயகி கை தட்டுவதை நிறுத்தியிருந்தாள். ஒரு பையைத் தட்டிப் பெரிதாக்கி, போனைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோய்ப் பார்த்தாள். தள்ளி வைத்துப் பார்த்தாள். தலைக்கு மேல் ஒரு விமானம் இறங்கியது. அந்தச் சத்தம் ஓயும்வரை பல்லாவரத்தில் யாரும் பேசுவதில்லை. ஓய்ந்த பிறகும் அவள் படத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்னம்மா?"

"சார், தப்பா நென்ச்சுக்காத. இது நம்ம பை இல்ல."

"நீங்க எடுத்த படம்தானே?"

"படம் நான் எட்த்ததுதான். பை நம்மள்து இல்ல. ரெக்ஸின் கணக்கா கீது. மயிர்க்காலே காணோம் பாரு. தோலுன்னா மயிர்க்கால் இருக்கும்ல? பொம்மைக்குத் தச்ச பையாட்டம் மொழுக்குனு கீது." இன்னொரு பையைத் தட்டினாள். "இதுல முள்ளு கீச்ச தழும்பு ஒண்ணு இருந்துச்சு. இம்மாம் நீளம். இன்னா பண்ண அத்த?"

அதைக் கேட்டுச் சபீஹா எழுந்து வந்தாள்.

அந்தத் தழும்புகளில்தான் பதம் நின்றுகொண்டிருந்தது. மாட்டுத் தோல் என்றால் முள் கீறியிருக்கும், உண்ணி கடித்திருக்கும், ஆறிய புண்ணின் வடு இருக்கும். கம்பெனிகள் அந்த இடத்தை வெட்டி எறியும், அல்லது சாயம் ஏற்றி மறைக்கும். சபீஹா மறைப்பதில்லை என்று முடிவு செய்திருந்தாள். ஒவ்வொரு பைக்கும் முன், பின், உள் என்று படங்கள் எடுப்பதோடு, தழும்பு இருந்தால் அதைக் கிட்டத்தில் வைத்து ஒரு படம் எடுத்துப் போடுவார்கள். ‘படத்தில் பார்க்கிற பைதான் உங்கள் கைக்கு வரும்’ என்பது கடையின் வாக்கு. வாங்குகிறவர்கள் அந்தப் படத்தைப் பார்த்துத்தான் வாங்கினார்கள்.

தயாளன் தன் கணினியில் மூலப் படத்தையும் மாறிய படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பெரிதாக்கினான். உடனே தெரிந்துவிட்டது. பார்க்கிறவர் கண்ணுக்குத் தெரியாது என்று எண்ணிச் சின்னச் சின்ன நுணுக்கங்களைக் கழித்துத்தான் இந்த வடிவங்கள் படத்தை இளைக்க வைக்கின்றன. அவன் வேகத்துக்கு ஆசைப்பட்டு அளவுக்கு மீறி இளைக்க வைத்திருந்தான். கழிந்துபோனது தோலின் மயிர்க்கால்கள். அவற்றோடு மெல்லிய தழும்புகளும்.

"நேத்து சாயங்காலத்திலிருந்து மூணு பேர் கேட்டுட்டாங்கண்ணா, இது ஒரிஜினல் லெதரான்னு," என்று சபீஹா மெதுவாகச் சொன்னாள். "ஏன் திடீர்னு கேக்கறாங்கன்னு யோசிச்சுட்டு இருந்தேன்."

அயூப் தோல் வெட்டும் மேசையிலிருந்தே குரல் கொடுத்தார். "என்ன சார், மெஷின் மாட்டுக்கு பிளாஸ்டிக் சர்ஜரி பண்ணிடுச்சா?"

மிஷின்களில் இருந்தவர்கள் சிரித்தார்கள். தயாளனும் சிரிக்க முயன்றான். முடியவில்லை.

"பழைய படத்தையே திருப்பிப் போட்டுடலாமா?" என்று கேட்டான்.

"போட்டா பதினோரு செகண்டு," என்றார் அயூப். "போன வருஷக் கதைதான். போடலன்னா பொய்ப் படம். நீங்களே சொல்லுங்க, எது பரவாயில்ல?"

 தயாளன் இரண்டு படங்களையும் மூடிவிட்டு உட்கார்ந்திருந்தான். கம்பெனியில் இப்படி ஒன்று நடந்திருந்தால் பத்து நிமிடத்தில் நாலு பேர் சுற்றி நின்று ஏன், எப்படி, யார் என்று கேட்டிருப்பார்கள். இங்கே யாரும் கேட்கவில்லை. சபீஹா இரண்டு கிளாஸ் டீ கொண்டுவந்து ஒன்றை அவன் முன்னால் வைத்தாள். இன்னொன்றைத் தான் எடுத்துக்கொண்டு எதிர் ஸ்டூலில் உட்கார்ந்தாள். டீ தீரும்வரை ஒரு வார்த்தை பேசவில்லை. அவனாக வாயைத் திறக்கட்டும் என்று காத்திருப்பதாகவும் தெரியவில்லை. சும்மா உடன் உட்கார்ந்திருந்தாள். இருபது மாதத்தில் எத்தனையோ பேர் அவனுக்கு ஆறுதல் சொல்லியிருந்தார்கள். இந்த மௌனம் அளவுக்கு எதுவும் அவனைத் தாங்கியதில்லை. கிளாஸைக் கீழே வைத்துவிட்டு விசைப்பலகையைத் தன் பக்கம் இழுத்தான்.

"எல்லாப் படத்துக்கும் தரத்தை ஏத்தினா ஆறேழு செகண்டு ஆயிடும்," என்றான். "கொஞ்சமா ஏத்தினா மயிர்க்கால் திரும்பிடும், பாரமும் ரொம்ப ஏறாது. ஆனா தழும்புக்கு அது பத்தாது. தழும்புப் படத்தை மட்டும் தனியா எடுத்து முழுத் தரத்துல வெக்கணும். எது தழும்புப் படம்னு நிரலுக்குத் தெரியணும். எல்லாப் படத்துக்கும் போன் வெச்ச நம்பர்தான் பேரா இருக்கு."

"தினம் ஒரு ஆள் உக்காந்து பிரிக்கணும்னா அப்புறம் மெஷின் எதுக்கு?" என்று அயூப் கேட்டார். கேள்வி நியாயமானது.

பின்னால் என்ன செய்வது என்பது தெரியாவிட்டாலும் வெள்ளிக்கிழமையையாவது தாண்டிவிடலாம் என்று நினைத்து, தயாளன் கையால் பிரிக்க உட்கார்ந்தான். மூலப் படங்களை எல்லாம் தன் பழக்கப்படி சதுரக் கட்டங்களில் அடுக்கித் திரையில் நிரப்பிக்கொண்டான். இது தழும்பு, இது இல்லை, இது தழும்பு. முந்நூறு படங்களைத் தாண்டுவதற்குள் கண்ணுக்கு எல்லாமே தழும்பாகத் தெரிந்தன. தையலின் நிழல் தழும்பாகத் தெரிந்தது. தழும்பு நிழலாகத் தெரிந்தது.

நான்கு மணி வாக்கில் தையல்நாயகி பெட்டிக்கு ஒட்டும் டேப்பைக் கையில் வளையல்போல் மாட்டிக்கொண்டு வந்து அவன் பின்னால் நின்றாள்.

"அய்ய, அது நெழலு சார். அத்தப் போய் தழும்புல சேத்துக்கினு."

"சரிம்மா."

"அதுவும் நெழலு."

"சரி."

"இது தழும்புதான். ஆனா காசு எங்க?"

தயாளன் திரும்பிப் பார்த்தான். "என்ன காசு?"

"ஒர்ரூவா காசு சார். தழும்புக்குப் பக்கத்துல நான் காசு வெச்சில்ல எடுப்பேன்? அப்பதான எம்மாம் பெரிசுன்னு பாக்கறவங்களுக்குத் தெரியும். ஒரு தபா ஒரு அம்மா சின்னதுன்னு நென்ச்சு வாங்கிட்டு பேஜார் பண்ணிடுச்சு. அத்தொட்டு வெக்கறேன். யாரும் சொல்லல, நானாத்தான்."

தயாளன் அந்தப் படத்தைச் சதுரத்திலிருந்து விடுவித்து முழுதாகத் திறந்தான். படம் இரண்டு பக்கமும் அகன்று விரிந்தது. நடுவில் தோலின் வடு. வலது ஓரத்தில் ஒரு ரூபாய் நாணயம், அதன் மேல் பட்டறைக் குழல்விளக்கின் வெளிச்சம். அவன் போட்ட சதுரம் இத்தனை நேரமும் அந்த நாணயத்தை வெட்டி எறிந்துகொண்டிருந்தது.

"இது ஏன் இவ்வளவு அகலமா இருக்கு?"

"போனப் படுக்க வெச்சு எட்த்தேன், அதான். நிக்க வெச்சா தழும்பு வரும், காசு வராது. காசு வந்தா தழும்பு வராது. ரெண்டும் ஒண்ணா வரணும்னா படுக்கத்தான் வெக்கணும்." அவள் டேப்பைச் சுழற்றினாள். "முழுப் பைய நிக்க வெச்சு எடுப்பேன். படுத்துகினு இருக்கற படமெல்லாம் தழும்பு சார். நின்னுகினு இருக்கறதெல்லாம் பை. இத்தக் கேக்காம காலீலேர்ந்து குந்திக்கினு எண்ணிக்கினு கீறியே."

தயாளன் கணினிப் பக்கம் திரும்பினான். நிரலில் ஒரு வரி எழுதினான். உயரத்தைவிட அகலம் கூடிய படங்களைத் தனியாக எடு. எழுநூற்றுப் பன்னிரண்டு வந்தன. அங்கொன்றும் இங்கொன்றுமாக ஐம்பதைத் திறந்து பார்த்தான். ஐம்பதிலும் வடு இருந்தது. ஐம்பதிலும் நாணயம் இருந்தது. மூன்று வருடமாக ஒரு நாள்கூட அவள் முறை மாறவில்லை. எந்தக் கம்பெனியிலும், எந்தக் குழுவிலும், எழுதி வைத்த விதியைக்கூட மனிதர்கள் இவ்வளவு சுத்தமாகக் கடைப்பிடித்து அவன் பார்த்ததில்லை. இதை யாரும் எழுதி வைக்கவே இல்லை.

"கரெக்டா சார்?"

"கரெக்ட்மா."  மேற்கொண்டு ஏதோ சொல்லத் திரும்பினான். அதற்குள் அவள் பெட்டிகளிடம் போய்விட்டாள்.

வியாழன் முழுக்க நிரல் ஓடியது. நிற்கும் படங்களை மட்டும் சதுரமாக்கி, மயிர்க்கால் தெரிகிற அளவுக்குத் தரத்தைக் கொஞ்சம் ஏற்றி மாற்றியது. ஒவ்வொன்றையும் மூலப் படத்தோடு தானே ஒப்பிட்டு, மழுமழுவென்று தெரிந்தால் இன்னும் ஒரு படி ஏற்றியது. படுத்த படங்களை வெட்டாமல், நாணயத்தோடு, ஏறக்குறைய முழுத் தரத்தில் வைத்தது. பக்கம் திறக்கும்போது அவை வராது. யாராவது ‘தழும்பு’ என்ற பொத்தானைத் தொட்டால்தான் வரும். நிரலில் அந்த அகலம்-உயரம் வரிக்கு மேலே, பின்னால் படிக்கிறவருக்காக ஒரு குறிப்பு எழுதினான்: ‘படுத்த படம் என்றால் தழும்பு. தையல்நாயகியின் முறை. மாற்ற வேண்டாம்.’

மாலையில் அவளுடைய போனில் பக்கம் இரண்டரை விநாடியில் திறந்தது. அவள் ஒரு பையைத் தட்டிப் பெரிதாக்கினாள். விரிசல் விழுந்த கண்ணாடியில் கட்டைவிரலால் தடவிப் பார்த்தாள்.

"ஆங். இது மாடு," என்றாள்.

வெள்ளிக்கிழமை வாரச் சந்தைக் கூட்டத்தில் தெருவே அடைத்துக் கிடந்தது. அயூப் தொழுகை முடிந்து தொப்பியோடே வந்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். மூன்று மணிக்குச் சபீஹா விற்பனையைத் திறந்தாள். முதல் பத்து நிமிடம் எதுவும் நடக்கவில்லை. மிஷின்கூட ஓடவில்லை. தயாளன் தன் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தான்.

மூன்று பதினொன்றுக்கு ஒரு பை போனது. பிறகு இரண்டு. பிறகு எண்ணுவதைச் சபீஹா விட்டுவிட்டாள். நாலரை மணிக்கு நாற்பத்தொன்று ஆகியிருந்தது. போன வருடம் நாள் முழுக்கப் பத்தொன்பது. பக்கத்துக்கு வந்தவர்களில் பாதிக்கு மேல் தழும்புப் பொத்தானைத் தொட்டிருந்தார்கள்.

"சரி, ஓடுது," என்றார் அயூப். சந்தோஷமாகச் சொல்லவில்லை. "இன்னைக்கு ஓடும். தீபாவளி. தையில யார் வாங்குவா? கம்பெனிக்காரன் பன்னெண்டு மாசமும் வாங்குவான்."

 கடையின் வாட்ஸாப் மணி அடித்தது. சபீஹா படித்தாள். முகம் சட்டென்று சுருங்கியது. பிறகு இன்னொரு தடவை படித்தாள். போனை அண்ணனிடம் நீட்டினாள்.

அயூப் கண்ணாடியை மாட்டிக்கொண்டு உரக்கப் படித்தார். "இருநூத்திப் பதினாலாம் நம்பர் பை. கீறல் எனக்குப் பெரிதாகத் தெரிகிறது. அதனால் வாங்கவில்லை. வாங்குவதற்கு முன்பே இவ்வளவு தெளிவாகக் காட்டியதற்கு நன்றி. திருச்சியிலிருந்து."

படித்து முடித்து நிமிர்ந்தார். மிஷின்களில் இருந்தவர்களைப் பார்த்தார், தயாளனைப் பார்த்தார். பிறகு சிரிக்க ஆரம்பித்தார். தோள் குலுங்கச் சிரித்தார்.

"வாங்காதவன் தேங்க்ஸ் சொல்றான்யா!" என்றார். "இருபது வருஷம் கம்பெனிக்குத் தச்சேன். லட்சம் பை இருக்கும். வாங்கினவன் ஒருத்தன்கூட எனக்கு நன்றி சொன்னதில்ல. சொல்லணும்னாலும் யாருக்குச் சொல்லுவான், என் பேரு அவனுக்குத் தெரியாதே." கண்ணாடியைக் கழற்றி மூக்கின் மேற்பகுதியை அழுத்திக்கொண்டார். "இவன் வாங்கலடா. ஆனா நமக்குத்தான் சொல்லியிருக்கான்."

தலைக்கு மேல் விமானம் போனது. அது ஓய்ந்ததும் அயூப் தன் போனை எடுத்துக்கொண்டு வாசல்பக்கம் போனார். கதவு திறந்திருந்ததால் எல்லோருக்கும் கேட்டது. "சார், அயூப் பேசறேன். இல்ல சார், எட்டு மிஷினும் முடியாது. ரெண்டு வேணும்னா பாப்போம். ஆமா சார். தங்கச்சி கடை ஓடிக்கிட்டிருக்கு."

சபீஹா சுவர்ப்பக்கம் திரும்பி நின்றுகொண்டாள். சிறிது நேரம் கழித்து வந்து, தயாளனின் மேசை முன் நின்றாள்.

"திங்கக்கிழமை எத்தன மணிக்கு வருவீங்கண்ணா?"

"எப்பவும்போல ஒம்பதுக்கு."

"சரிண்ணா," என்றாள். அவ்வளவுதான் பேச்சு. அவன் அந்த மேசையையும் சத்தம் போடும் விசிறியையும் ஒரு முறை பார்த்தான். திங்கட்கிழமை என்று ஒன்று இருப்பது எவ்வளவு பெரிய காரியம் என்பது, திங்கட்கிழமைகளே இல்லாமல் இருபது மாதம் இருந்தவனுக்குத்தான் தெரியும்.

பெட்டிகளின் நடுவே தையல்நாயகி தரையில் உட்கார்ந்திருந்தாள். ஆறு மணிக்குக் கூரியர் வண்டி சந்தைக் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்துவிடும். தயாளன் அவள் எதிரில் போய் நின்றான்.

"தையல்நாயகி, உங்களுக்கு ரொம்ப நன்றி. நீங்க மட்டும் சொல்லலன்னா..."

"இன்னாத்துக்கு சார் இப்ப? நான் இன்னா பண்ணேன், போனப் படுக்க வெச்சேன்." அவள் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. ஒரு பெட்டியை அவன் பக்கம் தள்ளினாள். "சும்மா நிக்காத. குந்து. மூடிய ரெண்டு கையால அமுக்கிப் புடி, நான் டேப்பு ஒட்றேன்."

தயாளன் தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்து மூடியை அழுத்திப் பிடித்தான்.

"இன்னும் கெட்டியாப் புடி சார், தூக்கிக்குது."

இன்னும் கெட்டியாகப் பிடித்தான்.